பத்மநாபபுரத்துப் பந்தி



ஓர் ஊரை அறிய வேண்டுமாயின் அவ்வூரில் காலால் நடக்க வேண்டும். அவ்வூரார் உண்பதை அவர்கள் உண்ணும் இடத்திலேயே அமர்ந்து உண்ண வேண்டும். பேருந்தில் விரைந்து சென்று, அரண்மனை வாயிலில் நின்று படம் எடுத்துக்கொண்டு, எவ்வூரிலும் கிடைக்கும் பரோட்டாவைத் தின்று திரும்புகிறவர் அந்த ஊருக்குப் போய் வந்தவரே அன்றி அதை அறிந்தவர் ஆகார். இந்த உண்மையை நமக்கு அண்மையில் நினைவூட்டியவர், கனடா நாட்டில் டொராண்டோ நகரில் பணிபுரியும் நம் பங்கு இளைஞர் ஒருவர்.

விடுமுறையில் ஊர் வந்திருந்த அவர், ஒரு மாலையில் பங்கு இல்லத்துத் திண்ணையில் அமர்ந்து, தாம் அங்கு மேற்கொண்ட ஒரு நடைப்பயணத்தைப் பற்றிச் சொன்னார். நயாகரா அருவியை அறியாதார் இலர். அந்த நயாகரா ஆறு ஒன்டாரியோ ஏரியில் கலக்குமிடத்தில் பழைய சிற்றூர் ஒன்று உண்டு. அதைச் சூழத் திராட்சைத் தோட்டங்கள். பத்துப் பன்னிரண்டு பேரை வழிகாட்டி ஒருவர் அழைத்துக்கொண்டு தெருத் தெருவாக நடப்பாராம். ஒரு கடையில் அவ்வட்டாரத்துப் பாலாடைக்கட்டி ஒரு துண்டு. அடுத்த கடையில் பீச்சுப் பழப் பாகு தடவிய ரொட்டி. இடையிடையே அந்த மண்ணில் விளைந்த திராட்சை மது, சிறு குவளைகளில். எல்லாவற்றுக்கும் கதை உண்டு. குறிப்பாகப் 'பனி மது' என்று ஒன்றைச் சொன்னார். திராட்சைக் குலைகளைப் பறிக்காமல் கடுங்குளிர் வரும்வரை கொடியிலேயே விட்டுவைப்பார்களாம். குளிர் பூச்சியத்துக்குக் கீழ் 8 பாகையையும் தாண்டியபின், பெரும்பாலும் இரவில், உறைந்து கல்லான பழங்களைப் பறித்து அப்படியே பிழிவார்களாம். நீர் பனிக்கட்டியாய் நின்றுவிட, தேன் போன்ற சாறு மட்டும் சொட்டுமாம்.

கேட்கக் கேட்க வியப்பாக இருந்தது. நாம் ஒரு கேள்வி கேட்டோம்: "அந்தக் குளிரில், அந்த இரவில், பழத்தைப் பறித்தவர்களைப் பார்த்தீர்களா?"

இளைஞர் சற்று யோசித்தார். "இல்லை, பாதர். தோட்டத்து உரிமையாளர் பெயரைச் சொன்னார்கள். பறிக்கிறவர்களை எங்களுக்குக் காட்டவில்லை. அங்கே தோட்ட வேலைக்கு ஜமெய்க்காவிலிருந்தும் மெக்சிகோவிலிருந்தும் ஆட்கள் பருவத்துக்கு வந்து போவார்கள். ஆனால் நான் யாரோடும் பேசியதில்லை" என்றார்.

அவர் சொன்னது உண்மையே. கனடா அரசு அத்தகைய பருவத் தொழிலாளர் திட்டத்தை 1966-ஆம் ஆண்டு ஜமெய்க்காவோடும், 1974-ஆம் ஆண்டு மெக்சிகோவோடும் தொடங்கிற்று. குவளை மட்டும் மேசைக்கு வருகிறது, கை வருவதில்லை. இது கனடாவுக்கு மட்டும் உரிய குறை அன்று என்பதைப் பின்னர் நாமே உணர நேர்ந்தது.

"நம் ஊரில் இப்படி ஒரு நடை நடந்தால் என்ன?" என்று அந்த இளைஞரே கேட்டார். சித்திரை மாதம், பள்ளி விடுமுறை, உயிர்ப்புப் பெருவிழா முடிந்த இரண்டாம் வாரம். ஒரு சனிக்கிழமைக் காலையில் பங்கு இளையோர் 14 பேரும், உபதேசியாரும், கனடா இளைஞரும், வழிகாட்டி என்ற பெயரில் நாமும் புறப்பட்டோம்.

நீரில் தொடங்கிய நடை

நாகர்கோவிலிலிருந்து திருவனந்தபுரம் செல்லும் நெடுஞ்சாலையில், தக்கலைக்குச் சற்று முன்னதாக உள்ளது புலியூர்க்குறிச்சி. காலை ஆறு மணிக்குப் பேருந்தை விட்டு அங்கே இறங்கினோம். எதிரே உதயகிரிக் கோட்டை. 1741-ஆம் ஆண்டு குளச்சல் போரில் மார்த்தாண்ட வர்மரிடம் சிறைப்பட்டு, பின்னர் அவருடைய படைக்கே பயிற்சியளித்த டச்சுத் தளபதி டி லனாய், 1777-ஆம் ஆண்டு இறந்து அக்கோட்டைக்குள்ளேயே அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். அவர் வழியாகக் கிறிஸ்துவை அறிந்தவரே, பத்மநாபபுரத்தில் அரசுப் பணியிலிருந்த நீலகண்ட பிள்ளை. 1745-ஆம் ஆண்டு வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்றுத் தேவசகாயம் ஆனார். 1752-ஆம் ஆண்டு காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். 2022-ஆம் ஆண்டு மே 15-ஆம் நாள் புனிதர் நிலைக்கு உயர்த்தப்பட்ட அவருடைய வரலாற்றை வாசகர்கள் நன்கு அறிவீர்கள்.

அவரை எருமைமீது ஏற்றி ஊர் ஊராக இழுத்துச் சென்ற வழியில், தாகத்தால் துவண்ட அவர் முழங்கையால் பாறையை இடிக்க நீர் சுரந்தது என்பது இவ்வூர் மக்களின் நம்பிக்கை. 'முட்டிடிச்சான் பாறை' என்று வழங்கும் அவ்விடத்தில் சிறு குழியில் நீர் நிற்கிறது. நம் நடையின் முதல் சுவை அந்த நீர்தான். ஆளுக்கு ஒரு கை அளவு. அடிபட்ட புண்களில் மிளகாய்ப் பொடியைத் தடவினார்கள் என்று அவருடைய வரலாறு சொல்வதை உபதேசியார் நினைவூட்டியபோது, இளையோர் மௌனமாயினர். சமையலறையில் உள்ள பொருளைக்கொண்டு விருந்தும் படைக்கலாம், வதையும் செய்யலாம் என்பதை அந்தப் பாறை நமக்குச் சொல்லிற்று.

புட்டும் மட்டிப் பழமும்

அங்கிருந்து தக்கலைக்கு நடந்தோம். ஞானப் பாடல்கள் இயற்றிய பீர்முகமது அப்பா அடங்கிய ஊர் அது. சந்தைப் பக்கம் ஒரு சிறு தேநீர்க் கடையில், மூங்கில் குழலிலிருந்து ஆவி பறக்கப் புட்டுத் தள்ளிக்கொண்டிருந்தார்கள். புட்டு, அவித்த சிறுபயறு, பப்படம், கூடவே இரண்டு மட்டிப் பழம். இவற்றை ஒன்றாய்ப் பிசைந்து உண்பதே நம் நாட்டு முறை.

கனடாவில் ஒவ்வோர் உணவுக்கும் கதை சொன்னார்களாமே, நாமும் சொன்னோம். விரலளவே நீளமுள்ள இந்த மட்டிப் பழம் நம் குமரி மாவட்டத்துக்கே உரியது. 2023-ஆம் ஆண்டு புவிசார் குறியீடு பெற்றது. தாய்ப்பாலுக்குப் பின் குழந்தைக்கு முதலில் ஊட்டும் பழமாக நம் பாட்டிமார் இதைத்தான் நம்பினார்கள். கடையின் முன் தொங்கிய குலைகளைக் காட்டி, "இதற்கு என்ன பெயர்?" என்று பிள்ளைகளைக் கேட்டோம். ஏத்தனையும் செந்துளுவனையும் அறிந்திருந்தார்கள். பாளையங்கோட்டனை ஒருத்தி சொன்னாள். பேயனைக் காட்டியபோது ஒருவருக்கும் தெரியவில்லை. கடைக்காரர் சிரித்துக்கொண்டு, "இப்ப எல்லாம் பழம்னு மட்டும் கேட்டு வாங்குறாவ, சாமி" என்றார். பெயர் மறைந்தால் மெல்லப் பயிரும் மறையும் என்று நமக்குத் தோன்றிற்று.

பனையடியில்

தக்கலையிலிருந்து பத்மநாபபுரம் ஏறத்தாழ 2 கிலோமீட்டர். பிரதான சாலையை விட்டு விலகிக் குளத்தங்கரை வழியே நடந்தோம். ஒரு காலத்தில் இப்பக்கமெல்லாம் பனை அடர்ந்து நின்றது. செங்கல் சூளைக்கு விறகாகவும், வீட்டு மனைக்கு இடமாகவும், ரப்பருக்கு வழிவிட்டும் அவை விழுந்தன. பனை நம் மாநில மரம். அதை வெட்ட மாவட்ட ஆட்சியரின் இசைவு வேண்டும் என 2021-ஆம் ஆண்டு வேளாண்மை நிதிநிலை அறிக்கையில் அறிவிக்கப்பட்டது. மரத்தை வெட்டாமல் காக்க ஆணை பிறப்பிக்கலாம். அதில் ஏற ஆளை எவ்வாறு பிறப்பிப்பது?

நின்ற சில பனைகளுள் ஒன்றிலிருந்து முதியவர் ஒருவர் இறங்கிக்கொண்டிருந்தார். எழுபதை எட்டிக்கொண்டிருக்கும் வயது. காலில் தளைநார், இடுப்பில் அரிவாள்பெட்டி, தோளில் அக்கானிக் குடுவை. உபதேசியார் முன்னரே சொல்லி வைத்திருந்ததால், நமக்காகக் காத்திருந்தார்.

மற்ற மாவட்டத்தார் பதநீர் என்பதை நாம் அக்கானி என்போம். பாளையைச் சீவிக் கலயத்தைக் கட்டிவிட்டால் இரவெல்லாம் துளித் துளியாகச் சொட்டும். கலயத்தின் உட்புறத்தில் சுண்ணாம்பு தடவியிருந்தால் அது அக்கானி; தடவாமல் விட்டால், விடிவதற்குள் தானே புளித்துக் கள்ளாகிவிடும். ஒரே மரம், ஒரே பாளை, ஒரே நீர். ஒரு விரல் சுண்ணாம்புதான் இரண்டையும் பிரிக்கிறது. கனடாவின் நடையில் மது உண்டு, நம் நடையில் அது ஏன் இல்லை என்று ஓர் இளைஞன் குறும்பாகக் கேட்டான். திருப்பலிக்குத் திராட்சை இரசத்தைப் பயன்படுத்தும் நாம் மதுவைப் பழிப்பதற்கில்லை. கானா ஊர்த் திருமணத்தை அறியாதவரும் அல்லோம். ஆயினும் குடியால் சிதைந்த வீடுகளுக்கு நள்ளிரவில் அழைக்கப்பட்டுச் சென்ற ஒரு பங்குக் குரு, தம் பிள்ளைகளின் கையில் குவளையைக் கொடுக்கத் தயங்குவார். அக்கானி இருக்கும்போது குறையும் ஒன்றுமில்லை.

முதியவர் குருத்தோலையை மடக்கிப் பட்டை பிடித்தார். நுரை தளும்ப ஊற்றிக் கொடுத்தார். நாம் இரு கையாலும் வாங்கி, ஓலையின் மடிப்பு வாயில் படும்படி சாய்த்துக் குடித்தோம். அவர் நம்மையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "சாமிக்குப் பட்டையில குடிச்சுப் பழக்கம் உண்டு போல" என்றார்.

வாசகர்களே, அந்த ஒரு சொல் நம்மை நாற்பது ஆண்டுகளுக்குப் பின்னே கொண்டுபோய் நிறுத்திற்று.

நாம் மறைத்த கருப்பட்டி

நம் தந்தையார் பனையேறி. நாளொன்றுக்கு 30 பனை. காலையில் ஒரு முறை, மாலையில் ஒரு முறை. மார்பிலும் முன்கையிலும் பனையின் செதில் உராய்ந்து காய்த்துப்போன தழும்பு. அவர் இறக்கிய அக்கானியை அன்னையார் அகன்ற பாத்திரத்தில் காய்ச்சி, பதம் பார்த்துச் சிரட்டைகளில் ஊற்றிக் கருப்பட்டியாக்குவார். அந்தக் கருப்பட்டியை விற்ற பணத்தில்தான் நாம் படித்தோம்.

இளங்குருமடத்தில் சேர்ந்த நாளில் பதிவேட்டில் எழுதுவதற்காகக் கேட்டார்கள்: "தந்தையின் தொழில்?" நாம் "விவசாயம்" என்றோம். நம்மைப் பொய் சொல்லும்படி எவரும் வற்புறுத்தவில்லை. பனையேறி என்றால் தாழ்வாக நினைப்பார்களோ என்ற அச்சம் நமக்குள்ளேதான் இருந்தது. சில மாதம் கழித்து, பெற்றோர் வந்து பார்க்கும் ஞாயிறு ஒன்றில், தந்தையார் ஓலைக் கொட்டான் நிறையக் கருப்பட்டியோடு வந்தார். "கூட்டாளிகளுக்கும் கொடு, மக்களே" என்றார். நாம் ஒருவருக்கும் கொடுக்கவில்லை. கொட்டானைப் பெட்டிக்குள் மறைத்தோம். ஒரு வாரத்தில் எறும்பு மொய்த்தது. ஓர் இரவு யாரும் அறியாமல் எடுத்துச் சென்று மதிலுக்கு அப்பால் எறிந்தோம்.

குருப்பட்டம் பெற்ற நாளில், எண்ணெய் பூசப்பட்ட நம் கைகளை முத்தி செய்ய முதலில் வந்தவர் தந்தையார். அவர் தம் கைகளால் நம் கைகளைப் பற்றியபோது அந்தச் சொரசொரப்பு நம் உள்ளங்கையில் உறைத்தது. அப்போதும் அந்தக் கருப்பட்டியைப் பற்றி நாம் வாய் திறக்கவில்லை. சொல்ல நினைத்து நினைத்து, ஆறாம் ஆண்டில் அவரை அடக்கம் செய்தோம்.

பனையடியில், 14 இளையோர் முன்னிலையில், அந்த முதியவருக்கு நாம் சொன்ன மறுமொழி ஒரே வரிதான்: "எங்க அப்பாவும் பனையேறிதான், பாட்டா."

அவர் பெரிதாக வியந்துவிடவில்லை. "அப்படியா? எத்தன பன ஏறுவாரு?" என்று தொழில்காரர் தொழில்காரரை விசாரிப்பதுபோல் கேட்டார். சொன்னோம். தலையை ஆட்டினார். "நல்ல ஏத்தக்காரருதான்" என்றார். தந்தையாருக்கு நாம் செய்யத் தவறிய மரியாதையை, அவரைக் கண்டிராத ஒருவர் இரண்டே சொல்லில் செய்துவிட்டார். பிறகு நம் கையிலிருந்த பட்டையை மறுபடியும் நிரப்பினார்.

காசு கொடுத்தபோது பிள்ளைகளிடம் வாங்கிக்கொண்டார். நம்மிடம் வாங்க மறுத்தார். பகல் உணவுக்கு நம்மோடு வரும்படி அழைத்தோம். "காய்ச்சி முடிச்சிட்டு வாரேன்" என்றார்.

ஆயிரம் இலை விரிந்த கூடம்

அரண்மனைக்கு வந்தோம். கல்குளம் என்று முன்பு வழங்கிய இவ்வூர், 1795-ஆம் ஆண்டளவில் தலைநகர் திருவனந்தபுரத்துக்கு மாறும்வரை திருவிதாங்கூரின் அரசிருக்கை. 1601-ஆம் ஆண்டளவில் தொடங்கிய அரண்மனை, மார்த்தாண்ட வர்மர் காலத்தில் பெரிதாயிற்று. ஊரும் பத்மநாபபுரம் எனப் பெயர் பெற்றது. 1956-ஆம் ஆண்டு நவம்பர் 1-ஆம் நாள் குமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்த பின்னும், அரண்மனை கேரள அரசின் தொல்பொருள் துறையின் பராமரிப்பிலேயே இருந்துவருகிறது.

உணவைத் தேடி நடந்த நம் கண்ணுக்கு, அரண்மனையே ஒரு சமையலறைபோல் தோன்றிற்று. தாய்க் கொட்டாரத்தில் பூவேலை செய்த தூண் பலா மரத்தால் ஆனது. முகம் தெரியப் பளபளக்கும் கருந்தரையோ, சிரட்டைக் கரி, சுண்ணாம்பு, முட்டையின் வெண்கரு முதலியன சேர்த்து இழைத்தது என்றார் அங்கிருந்த வழிகாட்டி. "முட்டையைத் தின்னாமல் தரையில் பூசினார்களா?" என்று ஒரு சிறுமி கேட்டாள். சிரித்தோம், ஆனால் கேள்வி சிறியதன்று.

பின்னர் ஊட்டுப்புரைக்கு வந்தோம். நீண்டு கிடக்கும் இரு தளக் கூடம். தளத்துக்கு ஆயிரமாக, ஒரே வேளையில் 2000 பேர் அமர்ந்து உண்ணலாம் என்றார் வழிகாட்டி. ஊறுகாய் போட்டு வைத்த பெரும் பரணிகள் சில இன்னும் இருக்கின்றன. ஆள் நடமாட்டமற்ற அந்தக் கூடத்தின் ஒரு முனையில் நின்று மறுமுனையை நோக்கினால், இரு புறமும் இலைகள் விரிந்து, பரிமாறுவோர் குனிந்து நடக்கும் காட்சியை மனத்தால் காணலாம்.

"யாருக்குச் சாப்பாடு போட்டார்கள்?" என்று கேட்டார் கனடா இளைஞர்.

திருவிதாங்கூர் அரசின் ஊட்டுப்புரைகள் பிராமணர்க்கு அறமாக உணவளித்தவை என்பது வரலாறு. பசித்தவர்க்குச் சோறிடுவது பெரும் புண்ணியம்; அதை நாம் குறைத்துப் பேசவில்லை. ஆனால் அந்தப் பந்தியில் பனையேறிக்கு இலை இல்லை. இலை இல்லை என்பது மட்டுமா? அவருடைய ஏணிக்கும் தளைநாருக்கும்கூட வரி வாங்கிய காலம் இந்நாட்டில் இருந்தது. அவர் வீட்டுப் பெண்கள் மார்பை மறைத்து உடுத்தும் உரிமைக்காக 1859-ஆம் ஆண்டுவரை போராட வேண்டியிருந்தது. அப்போராட்டம் மூண்ட இடங்களுள் இந்தக் கல்குளமும் ஒன்று. 1936-ஆம் ஆண்டு நவம்பர் 12-ஆம் நாள் வெளியான பிரகடனத்திற்குப் பின்னரே கோயில்கள் எல்லா இந்துக்களுக்கும் திறந்தன. தேவசகாயம் இந்த அரண்மனை வட்டத்தில் இருந்துகொண்டே, சாதி வேறுபாடு பாராமல் எளியவரோடு உறவாடினார். அது பலருக்குப் பொறுக்கவில்லை.

இதைச் சொல்லிவிட்டு நாம் பெருமிதத்தோடு நின்றுவிட முடியாது. அவர் திருமுழுக்குப் பெற்ற அதே வடக்கன்குளத்தில், பிற்காலத்தில் எழுந்த நம் கோயிலுக்குள்ளேயே சாதிக்கு ஒரு பக்கமாகச் சுவர் எழுப்பிப் பிரித்து வைத்திருந்தோம். 1910-ஆம் ஆண்டுதான் அது இடிபட்டது. அரண்மனையின் பந்தியைக் குறைகூறும் வாய், நம் சொந்தப் பந்தியையும் எண்ணிப் பார்க்க வேண்டும். வேறென்ன? கருப்பட்டியை மதிலுக்கு அப்பால் எறிந்த சிறுவன், தன் தந்தையைப் பந்தியிலிருந்து எழுப்பிவிட்டவன்தானே? அவனை எந்த அரசனும் ஏவவில்லை.

முதல் இலை

பகல் உணவு, அரண்மனைக்கு அருகில் குடியிருக்கும் கனடா இளைஞரின் அத்தை வீட்டில். நாம் சென்றபோது முற்றத்தில் மரச்சீனிக் கிழங்கு அவிந்துகொண்டிருந்தது. தென்னமெரிக்காவில் பிறந்த அந்தக் கிழங்கை இந்நாட்டில் பரவச் செய்தவர் 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மன்னர். இரண்டாம் உலகப் போரில் பர்மா அரிசி வருவது நின்றுபோனபோது, நம் பாட்டன்மாரின் உயிரைப் பிடித்து வைத்தது அதுவே. ஊட்டுப்புரை கட்டிய அரச மரபே ஏழையின் அடுப்புக்கும் ஒரு கிழங்கைத் தந்தது என்பதையும் நன்றியோடு சொல்லத்தான் வேண்டும்.

மாங்காயும் அரைத்த தேங்காயும் சேர்ந்த சாளைக் கறி, சம்பா அரிசிச் சோறு, உள்ளித் தீயல், சக்கைத் துவரன். இலை போட்டுக்கொண்டிருந்தபோது முதியவர் வந்தார். குளித்து, வெளுத்த வேட்டி உடுத்தி, கையில் ஓர் ஓலைக் கொட்டானோடு வந்தவர், திண்ணையிலேயே அமரப் போனார்.

"உள்ள வாங்க, பாட்டா. இலை போட்டாச்சுல்லா?" என்று அத்தை அழைத்தார். "நான் இங்கேயே இருந்துக்கிடுதேன், மக்களே" என்றார் அவர். இரண்டு முறை அழைத்தும் எழவில்லை. பிறகு நாம் சென்று அவர் பக்கத்தில் திண்ணையில் அமர்ந்தோம். "அப்படியானா எனக்கும் இலை இங்கதான்" என்றோம். அதற்கு மேல் அவரால் மறுக்க முடியவில்லை. உள்ளே வந்தார். முதல் இலையை அவருக்குப் போட்டார்கள். அவர் உண்டது கொஞ்சம், கிழங்கும் மீனும்தான். ஆனால் கடைசிவரை பந்தியில் இருந்தார்.

இறுதியாக முந்திரிக்கொத்து வந்தது. வறுத்த சிறுபயற்று மாவைக் கருப்பட்டிப் பாகில் பிசைந்து, தேங்காயும் எள்ளும் சேர்த்து உருட்டி, மும்மூன்று உருண்டையாக மாவில் தோய்த்துப் பொரிப்பது. முந்திரிப்பருப்பு இல்லையே, பிறகு ஏன் இப்பெயர் என்று பிள்ளைகள் கேட்டார்கள். பழந்தமிழில் முந்திரிகை என்றால் திராட்சைக் கொடி. மூன்று உருண்டையும் ஒட்டித் திராட்சைக் கொத்துப்போல் இருப்பதால் இப்பெயர். திராட்சை விளையாத மண்ணில் நம் தாய்மார் பயற்றிலும் கருப்பட்டியிலும் ஒரு திராட்சைக் கொத்தைச் சமைத்துவிட்டார்கள். கனடாவின் திராட்சைக்கு நம் நடையில் இதுவே ஈடு!

அப்போது இளைஞர் தம் அத்தைக்குக் கொண்டுவந்திருந்த சிறு புட்டி ஒன்றைத் திறந்து, முதியவரின் உள்ளங்கையில் சில துளி விட்டார். மேப்பிள் என்னும் மரத்தின் பாகு அது. அந்நாட்டுப் பழங்குடி மக்களே அதை எடுக்கும் முறையைக் குடியேறிகளுக்குக் கற்பித்தவர்கள். ஒரு லிட்டர் பாகுக்கு 40 லிட்டர் சாறு வற்ற வேண்டும். முதியவர் நக்கிப் பார்த்துக் கண்ணை மூடிக்கொண்டார்.

"இதும் அக்கானி காய்ச்சினதுதான். எந்த மரம், மக்களே?"

இளைஞர் விளக்கினார். பனி உருகத் தொடங்கும் பருவத்தில் மரத்தின் அடியில் துளையிட்டு வாளியைத் தொங்கவிட்டால் சாறு சொட்டும் என்றார்.

"அப்ப ஏற வேண்டாமா?"

"வேண்டாம், பாட்டா. தரையில நின்னே எடுக்கலாம்."

"குடுத்து வச்ச சனம்!" என்றார் முதியவர். வீடே சிரித்தது.

சிரிப்பு அடங்கியபின் அவருடைய பிள்ளைகளைப் பற்றிக் கேட்டோம். ஒரு மகன் வளைகுடா நாட்டில், மற்றவன் கட்டட வேலையில். "அவனுவள நான்தான் ஏற விடல்ல, சாமி. விழுந்தா யாரு பாப்பா?" என்றார். தமக்குப் பின் அந்தப் பனைகளில் ஏற ஆள் இல்லை என்பதை வருத்தமாகவும் சொல்லவில்லை, பெருமையாகவும் சொல்லவில்லை. நம் தந்தையாரும் நம்மை ஏற விடவில்லை என்பது அப்போது நினைவுக்கு வந்தது. ஒரு தொழில் அழிகிறதே என்று வருந்துகிறோம். அந்த உயரத்திலிருந்து தம் பிள்ளைகளை இறக்கிவிட்ட தந்தையரை நாம் எவ்வாறு குறை சொல்வோம்? இதற்கு நம்மிடம் விடை இல்லை.

குடும்பங்களுக்கு ஒரு வேண்டுகோள்

அன்புப் பெற்றோரே, விடுமுறையில் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு இத்தகைய நடை ஒன்று போய் வாருங்கள். பெருஞ்செலவு இல்லை, 5 அல்லது 6 கிலோமீட்டர் நடக்கக் கால் வேண்டும், அவ்வளவே. உண்ணும் பொருளின் பெயரைக் கேளுங்கள். அதை ஆக்கியவரின் பெயரையும் கேளுங்கள். பேரம் பேசாமல் உரிய விலையைக் கொடுங்கள். சர்க்கரை கலந்த கருப்பட்டி குறைந்த விலைக்குக் கிடைக்கும். கலப்பில்லாததன் விலையில் ஒருவர் இரு வேளையும் ஏறி இறங்கிய உழைப்பு இருக்கிறது.

இன்னும் ஒன்று. உங்கள் தாய் தந்தையர் செய்த தொழில் என்னவென்று உங்கள் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். மீன் சுமந்தவர்களாயினும், வயல் நட்டவர்களாயினும், பிறர் வீட்டில் பாத்திரம் துலக்கியவர்களாயினும் அதை அப்படியே சொல்லுங்கள். அவர்கள் உயிரோடு இருந்தால் அவர்கள் முன்னிலையிலேயே சொல்லுங்கள். காலம் தாழ்த்தினால் என்ன ஆகும் என்பதை நாம் அறிவோம்.

விடைபெறும்போது முதியவர் தாம் கொண்டுவந்த கொட்டானை நம் கையில் வைத்தார். உள்ளே நான்கு சிரட்டைக் கருப்பட்டி. மூன்றை இளையோருக்கு உடைத்துப் பங்கிட்டோம். ஒன்றைக் கொண்டுவந்து, அன்றிரவு நம் அறையில் தந்தையாரின் படத்துக்குக் கீழே வைத்தோம். எறும்பு வருமுன், காலையில் அதை எடுத்துக் காப்பியில் இட்டுக் குடித்தோம்.